வேங்கடத்துப் பெரிதா

மரப்பெரணி பார்க்க விரும்புகிறவர்கள் திருப்பதிக்குப் போவதில்லை. சேர்வராயன் மலைக்கோ கொல்லிமலைக்கோ நீலகிரிக்கோ போவார்கள். சோலைக்குள் இறங்கும் ஓடையின் கரையில், வெயில் நேராக விழாத இடத்தில், ஈரம் வற்றாத மண்ணில் அது நிற்கும். அடிமரம் என்று நாம் கைவைத்துப் பார்ப்பது மரக்கட்டையே அல்ல. மெல்லிய தண்டு ஒன்றைச் சுற்றிக் கறுத்த வேர்கள் பின்னிப் பின்னித் தடித்த போர்வை அது. உச்சியில் ஆள் உயரத்தையும் மிஞ்சும் இலைகள் நாலாபக்கமும் விரிந்திருக்கும். இலையின் அடிப்பக்கத்தைத் திருப்பினால் வரிசை வரிசையாகப் பழுப்புப் புள்ளிகள். அவற்றுக்குள்தான் ஸ்போர்கள் இருக்கின்றன. பூ கிடையாது, காய் கிடையாது, விதை கிடையாது. உலகில் அறுநூறுக்கும் மேற்பட்ட இனங்கள் இந்தக் குடும்பத்தில் உண்டு. பெரும்பாலானவை வெப்பமண்டல மலைகளின் மேகம் தொடும் உயரங்களில் வாழ்பவை. நியூசிலாந்து கிரிக்கெட் வீரர்களின் தொப்பியில் இருக்கும் வெள்ளி இலை இப்படியொரு மரப்பெரணியின் இலைதான்.

நான் திருப்பதிக்குப் போனது மரப்பெரணியைப் போலவே தோன்றும், ஆனால் பெரணியே அல்லாத ஒரு செடிக்காக. அது சேஷாசலம் மலைத்தொடரிலும் அதை ஒட்டிய குன்றுகளிலும் தவிர உலகில் வேறெங்கும் காட்டில் வளர்வதில்லை. தாவரவியலில் அதன் பெயர் சைகஸ் பெடோமெய். மலையடிவாரத்துத் தெலுங்கர்கள் பெரிதா என்கிறார்கள். மதனகாமாட்சி என்ற பெயரும் உண்டு. தென்னிந்தியப் பெரணிகளை யாரைவிடவும் நன்றாக அறிந்திருந்த ஒரு மனிதரின் பெயர் அதற்கு வாய்த்திருக்கிறது. மரப்பெரணிகளின் பின்னால் வெகுகாலம் அலைந்தவர்களுக்கு இந்த ஒன்றே போதுமான அழைப்பு.

ரிச்சர்ட் ஹென்றி பெடோம் 1830-இல் இங்கிலாந்தில் பிறந்தவர். 1848-இல் கிழக்கிந்தியக் கம்பெனியின் மதராஸ் படையில் சேர இந்தியாவுக்கு வந்தார். 1857-இல், அப்போதுதான் உருவாகியிருந்த வனத்துறையில் அதன் தலைவர் கிளெக்ஹார்னுக்கு உதவியாளராகச் சேர்ந்தார். 1860 முதல் 1882 வரை மதராஸ் மாகாணத்தின் வனத்துறைக்கு அவரே தலைவர். அந்த ஆண்டுகளில் அவர் ஏறாத மலை தெற்கில் குறைவு. 1860-களில் தென்னிந்தியப் பெரணிகளைப் பற்றிய அவருடைய நூல் இருநூறுக்கும் மேற்பட்ட படங்களோடு வெளிவந்தது. ஒவ்வொரு படத்திலும் இலை, நரம்பு, ஸ்போர்க் கூட்டம் எல்லாம் தனித்தனியாக வரையப்பட்டிருக்கும். பெரணி படிக்கிறவர்கள் இன்றும் அதைப் புரட்டாமல் இருப்பதில்லை. பிறகு 1883-இல் பிரிட்டிஷ் இந்தியப் பெரணிகளுக்கு அவருடைய கையேடு வந்தது. அதே 1883-இல்தான் கியூ தோட்டத்தைச் சேர்ந்த திசெல்டன்-டயர் கடப்பை மலைகளின் இந்தச் சைகஸைத் தனி இனமாக விவரித்து, அதற்குப் பெடோமின் பெயரை வைத்தார்.

சித்தூரிலிருந்து தொடங்கினேன். சென்னையிலிருந்து நேராகவே திருப்பதிக்குப் போயிருக்கலாம். ஆனால் பெடோம் காலத்தில் இந்த மலையின் நிர்வாகம் சித்தூரில் இருந்தது. அன்றைய வடஆற்காடு மாவட்டத்துக்கு அதுதான் தலைநகர். திருப்பதியும் அந்த மாவட்டத்துக்குள்தான் கிடந்தது. சித்தூர் தனி மாவட்டமானது 1911 ஏப்ரலில். அதற்குச் சற்று முன்பு, பிப்ரவரியில், பெடோம் லண்டனில் காலமாகியிருந்தார். 1960-இல் திருத்தணி இந்தப் பக்கம் வந்தது, திருப்பதி அந்தப் பக்கமே நின்றது. 2022 ஏப்ரலில் திருப்பதியும் பிரிந்து தனி மாவட்டமாகிவிட்டது. கோடுகள் இத்தனை முறை மாறியும் சித்தூர் பேருந்து நிலையத்தில் தமிழ் மாறவில்லை. டீக்கடையில் தெலுங்கில் கேட்டால் தெலுங்கு, தமிழில் கேட்டால் தமிழ். பாதி வாக்கியத்தில் இரண்டும் கலக்கும். எனக்கு அடுத்த இருக்கைக்காரர் தம் மாந்தோப்பைப் பற்றிப் பேசிக்கொண்டே வந்தார். நாம் கிளிமூக்கு மாங்காய் என்று சொல்லும் தோத்தாபுரிதான் அங்கே ராஜா. பெரும்பாலும் கூழ் எடுக்கும் ஆலைகளுக்குப் போகிறது. “சேஷாசலமா? அங்க என்ன சார் இருக்கு, செம்மரம்தான்” என்றார்.

செம்மரத்தைப் பற்றிச் சொல்லாமல் இந்தக் காட்டைப் பற்றி எழுத முடியாது. அதுவும் இந்த மலைகளுக்கே உரியது. சேஷாசலம், வேலிகொண்டா, பாலகொண்டா என்று தெற்கு ஆந்திரத்தின் இந்தக் குறுகிய வட்டத்தில்தான் அது இயற்கையாகச் செழிக்கிறது. கள்ளக் கடத்தல்காரர்களின் பணத்துக்காக மரம் வெட்டப் போகிறவர்களில் பெரும்பாலோர் நம் ஜவ்வாது மலைப் பக்கத்து ஏழைகள். 2015 ஏப்ரல் 7-இல் இந்தக் காட்டில் ஆந்திரக் காவல்துறையின் துப்பாக்கிச் சூட்டில் 20 தமிழர்கள் இறந்தார்கள். அந்தச் செய்தியை வாசித்த காலை இன்னும் என் மனதில் ஆறவில்லை. கூலிக்கு வெட்டினவர்கள் செத்தார்கள். வெட்டச் சொன்னவர்கள் யாரென்று கேட்கும் குரல் மெல்ல அடங்கிப்போனது. அதன் பிறகு இந்தக் காட்டில் தமிழ் பேசிக்கொண்டு ஒருவர் தனியாக நடப்பது இயல்பான காரியமாக இல்லை. வனத்துறையின் அனுமதிக் கடிதம் கையில் இருந்தும், வழியில் நிறுத்தப்பட்ட ஒவ்வொரு இடத்திலும் நான் வந்த காரணத்தைப் பொறுமையாக விளக்க வேண்டியிருந்தது. செடி பார்க்க வந்தேன் என்றால் முதலில் யாரும் நம்புவதில்லை.

முதலில் தலகோனா. பாக்கராப்பேட்டையைத் தாண்டிக் காட்டுக்குள் திரும்பும் பாதை அது. சித்தேஸ்வரசுவாமி கோயிலிலிருந்து மேலே ஏறினால் 270 அடி உயரத்திலிருந்து நீர் விழும் பாறைச் சுவர். இந்த மலைத்தொடரில் மரப்பெரணிக்கு ஓர் இடம் உண்டென்றால் அது இங்கேதான் இருக்க வேண்டும் என்று எவருக்கும் தோன்றும். நிழல் இருக்கிறது, பாறையில் கசிவு இருக்கிறது, அடர்ந்த மரங்களுக்கு மேலே யானைக்கொழிஞ்சிக் கொடி கிளையிலிருந்து கிளைக்குத் தாவி மலைச்சரிவின் பாதித் தூரம் ஓடுகிறது. அதன் காய் ஒரு மீட்டர் நீளம் வரை வளரும்; சில்லு சில்லாக உடைந்து கீழே கிடக்கும் அதன் விதைகளைப் பிள்ளைகள் பொறுக்கிக்கொண்டிருந்தார்கள்.

பெரணிகளும் இருக்கின்றன, எல்லாம் சிறியவை. ஈரப் பாறையிடுக்குகளில் கறுப்புக் காம்போடு அடியான்டம் தொங்குகிறது. வெயில் படும் வெடிப்புகளில் மயில்சிகை. உருவில் சிறிய இந்தப் பெரணி விசிறி போன்ற இலையை வறட்சியில் சுருட்டிக்கொண்டு செத்ததுபோலக் கிடக்கும், ஒரு மழை பெய்தால் சில மணி நேரத்தில் மறுபடி விரியும். கொல்லிமலைப் பக்கம் முடவாட்டுக்கால் என்று கிழங்கை விற்கிறார்களே, அதுவும் பெரணிதான். அதுவும் கோடையில் இலையை உதிர்த்துவிட்டுக் கிழங்கில் உயிரை வைத்துக் காத்திருக்கும். வறண்ட நாட்டில் வாழத் தெரிந்த பெரணிகள் இவை. சுருளவும், உதிரவும், ஒளிந்துகொள்ளவும் இவற்றுக்குத் தெரியும்.

மரப்பெரணிக்கு அது முடியாது. அதன் பெரிய இலைகள் நாள் முழுக்க நீரை ஆவியாக விட்டுக்கொண்டே இருக்கின்றன. அதன் அடிமரத்தில் நீரைச் சேமிக்கும் சதையில்லை, வெயிலைத் தடுக்கும் பட்டையில்லை. வெளியே படர்ந்த வேர்ப்போர்வை காற்றில் ஈரம் குறைந்தால் முதலில் காய்கிறது. இவை எல்லாவற்றையும்விடப் பெரிய தடை அதன் பிறப்பில் இருக்கிறது. ஸ்போர் விழுந்து முளைத்தால் உடனே மரப்பெரணி வருவதில்லை. நகத்தைவிடச் சிறிய, இதய வடிவப் பச்சைத் தகடு ஒன்று மண்ணில் ஒட்டி வளர்கிறது. அதில் ஆண் அணு நீந்திப் போய்க் கருமுட்டையைச் சேர வேண்டும். நீந்துவதற்கு வெளியே தண்ணீர் வேண்டும். ஒரு மெல்லிய நீர்ப்படலம் போதும். ஆனால் அந்தப் படலம் காயாமல் இருக்க வேண்டும். ஆள் உயரத்தைத் தாண்டி வளரப்போகும் செடியின் தொடக்கம் அந்த ஒரு துளி ஈரத்தில் தொங்குகிறது. சோலைக்காட்டின் ஓடைக் கரையில் அது எப்போதும் கிடைக்கும். தலகோனாவில் அருவிக்கு ஐம்பது அடி அந்தப்பக்கம் போனால், ஏப்ரல் மாதத்தில் காலடியில் சருகு நொறுங்குகிறது.

திருமலைக்கு ஸ்ரீவாரி மெட்டு வழியாக ஏறினேன். சந்திரகிரிப் பக்கத்துப் பழைய வழி இது. 2,388 படிகள், அலிபிரிப் பாதையைவிடக் குறைந்த தூரம், ஆனால் செங்குத்து. 2021 நவம்பரில் கொட்டிய மழையில் இந்தப் படிகள் பல இடங்களில் பெயர்ந்து, 2022 மே மாதத்தில்தான் மறுபடி திறந்தார்கள். வறண்ட மலை என்று சொல்லிவிட்டு இப்படி ஒரு மழையைப் பற்றிச் சொல்வது முரணாகத் தோன்றலாம். இந்த மலையின் இயல்பே அதுதான். மழை மாதங்களில் வெள்ளமாக வரும். ஜனவரியிலிருந்து மே வரை ஏறத்தாழ ஒன்றுமே இராது. மரங்கள் இலையை உதிர்த்துவிடும், புல் வெளுக்கும், பாறை கொதிக்கும்.

மலைப்பாதையில் போகும் பேருந்துகளிலிருந்து எவரும் பார்க்காத ஒன்று உண்டு. அலிபிரி மலைச்சாலையின் ஒரு வளைவில் சாலைக்காக வெட்டிய பாறையில் இரண்டு வெவ்வேறு கற்கள் சந்திக்கின்றன. கீழே மிகப் பழைய கருங்கல், மேலே படிவங்களாக அடுக்கிய குவார்ட்சைட். இரண்டுக்கும் நடுவே நேரான ஒரு கோடு. அந்தக் கோட்டில் ஏறத்தாழ 80 கோடி ஆண்டுகள் காணாமல்போயிருக்கின்றன என்று புவியியலாளர்கள் சொல்கிறார்கள். மேலே திருமலையில் இருக்கும் சிலாதோரணமும் அந்தக் குவார்ட்சைட்தான். 8 மீட்டர் அகலமும் 3 மீட்டர் உயரமும் உள்ள கல்வளைவு. அதன் கல்லுக்கு 150 கோடி ஆண்டு வயது. இரண்டையும் இந்தியப் புவியியல் ஆய்வுத் துறை தேசிய நினைவுச்சின்னங்களாகக் காக்கிறது. இந்தக் கல்லைப் பற்றி நான் சொல்லக் காரணம் இருக்கிறது. குவார்ட்சைட் உடைந்து உண்டாகும் மண் மணல் மண்; சத்து இல்லாதது, நீரை நிறுத்தாதது. பெரிதா நிற்பது அதில்தான்.

இதே பாறையிடுக்குகளில் பெடோமின் இன்னொரு தடமும் இருக்கிறது. அவர் பல்லிகளையும் பாம்புகளையும் தேடியவர். 1870-இல் திருப்பதி மலையிலிருந்து பொன்னிறப் பல்லி ஒன்றை அறிவியலுக்கு முதலில் விவரித்தவர் அவரே. ஆண் பல்லிக்குத் தொண்டை தகதகவென்று மஞ்சளாகும். நீர் கசியும் குகைப் பாறைகளில் பல பல்லிகள் சேர்ந்து ஒரே இடத்தில் முட்டைகளை ஒட்டி வைக்கும். அவருக்குப் பிறகு நூறாண்டுக்கு மேல் அதைப் பற்றிப் பெரிதாக எவரும் எழுதவில்லை. 1980-களில்தான் மறுபடி கண்டெடுத்தார்கள். நான் மேலே ஏறிய மாலையில் பாறைக்குள்ளிருந்து அதன் குரல் கேட்டது. படி ஏறிக்கொண்டிருந்த குடும்பம் ஒன்று நின்று, “என்ன பறவை அது?” என்று கேட்டது. சொன்னேன். அந்த வீட்டுப் பாட்டி பாறையைப் பார்த்துக் கைகூப்பினார். இந்த மலையில் மீனாகவும் மரமாகவும் பிறக்க வேண்டிக்கொண்ட குலசேகர ஆழ்வாரின் வழியில் வந்தவர்களுக்கு அது இயல்பாகவே வருகிறது.

மறுநாள் விடியலில் வனத்துறை வாட்ச்சர் ஒருவர் கூட வந்தார். ஐம்பதைத் தாண்டியவர், அம்மா வழியில் தமிழ், அப்பா வழியில் தெலுங்கு. சாலையை விட்டு இறங்கி, செம்மரமும் ஆச்சாவும் கலந்த காட்டுக்குள் நடந்து, பிறகு மரங்கள் குறைந்து புல் மண்டிய ஒரு மேட்டுச் சரிவுக்கு ஏறினோம். அந்த இடம் எதென்று எழுதாமல் விடுகிறேன். ஏன் என்பது பின்னால் விளங்கும்.

“அதோ பாருங்க சார், பெரிதா.”

காய்ந்த புல்லுக்கு நடுவே கரும்பச்சையாக ஒன்று, தள்ளி இன்னொன்று, அதற்கும் மேலே பாறை ஓரத்தில் நான்கைந்து. தூரத்திலிருந்து பார்த்தால் குட்டை மரப்பெரணிகளின் கூட்டம் என்றுதான் யாரும் சொல்வார்கள். இடுப்பு உயரத்து அடிமரம், உச்சியில் இலைகளின் வட்டம், நடுவில் மேல்நோக்கி எழும் இளங்குருத்து. பக்கத்தில் போனால் ஒவ்வொன்றாக வேறுபாடு தெரிகிறது. மரப்பெரணியின் இலை பிரிந்து, பிரிந்தது மறுபடி பிரிந்து நூலாகும். பெரிதாவின் இலை ஒரே ஒரு முறை பிரிகிறது. சிற்றிலைகள் சில மில்லிமீட்டர் அகலமே உள்ள விறைத்த ஊசிகள். அவற்றின் ஓரம் கீழ்நோக்கிச் சுருண்டிருக்கிறது. சேஷாசலத்தின் வெயிலில் நீர் இழக்கும் பரப்பைக் குறைக்க அது கண்ட வழி இது. அடிமரத்தில் உதிர்ந்த இலைகளின் அடிக்கட்டைகள் கவசமாக நெருங்கி மூடியிருக்கின்றன. கீழ்ப்பகுதி தீயில் கறுத்திருந்தது. உள்ளே மாவுச்சத்து நிறைந்த தடித்த சோறு. புல் எரிந்து தீ கடந்து போனாலும் குருத்து பிழைத்துவிடுகிறது.

குருத்தைத்தான் நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். பெரணியின் இளம் இலை முழுவதும் ஒரே சுருளாகச் சுருண்டு, நாள்தோறும் கொஞ்சம் கொஞ்சமாக அவிழும். பெரிதாவில் இலையின் நடுத்தண்டு நேராக எழுகிறது. அதிலுள்ள ஒவ்வொரு சிற்றிலையும் தனித்தனியே சுருண்டிருக்கிறது. இரண்டு வரிசையிலும் நூற்றுக்கணக்கான சின்னஞ்சிறு சுருள்கள். விதைத் தாவரமாகிவிட்ட பிறகும் சைகஸ் இனங்கள் விட்டுவிடாமல் வைத்திருக்கும் பழைய வழக்கம் அது. இந்த ஒற்றுமை தேர்ந்த கண்களையே ஏமாற்றியிருக்கிறது. தென்னாப்பிரிக்காவின் ஸ்டாங்கேரியா என்ற செடியை 1830-களில் ஜெர்மானியத் தாவரவியலாளர் குன்ஸே பெரணி என்றே விவரித்துப் பெயர் வைத்தார். அதில் கூம்பு தோன்றிய பிறகுதான் அது சைகஸின் உறவு என்று தெரிந்தது.

வெளியே தெரியும் இந்தச் சுருளைவிட ஆழமான உறவு ஒன்று உண்டு. 1896-இல் ஜப்பானில் இகெனோ செய்இச்சிரோ, சைகஸின் விதைக்குள் நீந்தும் ஆண் அணுக்களைக் கண்டார். அதே ஆண்டில் ஹிராசே கின்கோ மரத்தில் அதையே கண்டிருந்தார். விதைத் தாவரங்களில் ஆண் அணு நீந்தும் என்று அதுவரை எவரும் நிரூபித்ததில்லை. சைகஸின் ஆண் அணு ஏறத்தாழ வெறும் கண்ணுக்கே தென்படும் அளவு பெரியது. உடலைச் சுற்றிச் சுருள் வரிசையில் ஆயிரக்கணக்கான நுண்மயிர்களோடு அது நீந்துகிறது. பெரணியில் நடப்பதுதான் இதிலும் நடக்கிறது. நடக்கும் இடம் மாறிவிட்டது. பெரணிக்குத் தண்ணீர் வெளியே, மண்ணின் மேல் இருந்தாக வேண்டும். சைகஸில் மகரந்தம் காற்றிலோ வண்டின் முதுகிலோ வருகிறது. முதிரும் விதையின் உச்சியில் ஒரு சிறு அறை இருக்கிறது. அதில் செடி தானே சுரந்த துளித் திரவத்தில் அந்த அணுக்கள் நீந்திக் கருமுட்டையை அடைகின்றன. மழையை எதிர்பார்த்து நிற்க வேண்டியதில்லை. எனக்கு இந்த மலையில் ஆகாசகங்கையையும் பாபவிநாசத்தையும்விட வியப்பான தீர்த்தம் அந்தத் துளிதான். மரப்பெரணியால் ஏற முடியாத இந்த மலையில் அதன் சாயல் கொண்ட ஒரு செடி ஏறி நிற்பது அந்தத் துளியின் பலத்தால்.

வாட்ச்சர் ஒரு செடியின் அடியில் மழை அரித்திருந்த இடத்தைக் காட்டினார். மண்ணுக்கு வெளியே பவளப்பூச்சி கட்டின கூடுகள் போலக் கிளைத்த தடித்த வேர்கள். கீழ்நோக்கிப் போகாமல் மேல்நோக்கி வளர்பவை. அவற்றைக் குறுக்கே வெட்டினால் நீலப்பச்சை வளையம் ஒன்று தெரியும், நாங்கள் வெட்டவில்லை. அதில் குடியிருக்கும் நுண்ணுயிர்கள் காற்றிலிருந்து நைட்ரஜனை எடுத்துச் செடிக்குக் கொடுக்கின்றன. குவார்ட்சைட் மணலில் கிடைக்காத சத்து அங்கிருந்து வருகிறது.

இவற்றைப் பற்றி எழுதுகிறவர்கள் டைனோசர் காலத்துச் செடி என்ற சொல்லில் நிறுத்திவிடுகிறார்கள். சைகஸ் குலம் அவ்வளவு பழையதுதான், சந்தேகமில்லை. சென்னைக்குப் பக்கத்தில் ஸ்ரீபெரும்புதூரின் களிப்பாறைகளில் டைலோபில்லம் என்ற புதைபடிவ இலைகள் கிடைக்கின்றன. பார்த்தால் சைகஸ் இலையேதான். ஆனால் அது அழிந்துபோன இன்னொரு குலத்தைச் சேர்ந்தது. இராமானுஜர் பிறந்த ஊரின் மண்ணுக்குள் அந்த இலை, அவர் ஏறிய மலையில் இந்த இலை. 2011-இல் சயின்ஸ் இதழில் வந்த ஓர் ஆய்வு, இன்று உயிரோடிருக்கும் சைகஸ் இனங்கள் பெரும்பாலும் கடந்த ஒரு கோடியே இருபது லட்சம் ஆண்டு அளவில்தான் பிரிந்து பெருகின என்று மரபணுக்களை வைத்துக் காட்டியது. குலம் பழையது, இனங்கள் இளையவை. இது எனக்கு மிகவும் பிடித்த செய்தி. பெரிதா ஏதோ பழங்காலத்தின் எச்சமாக ஒதுங்கி நிற்கவில்லை. இந்த மலையின் வறட்சிக்குத் தன்னைச் சீர்செய்துகொண்டு புதிதாகவே பிறந்திருக்கிறது.

“இது பெண்ணு சார்” என்று வாட்ச்சர் ஒரு செடியைத் தொட்டார். உச்சியில் செம்பழுப்பு ரோமம் போர்த்திய சிறு இலைகள் வட்டமாக இருந்தன. அவற்றின் விளிம்பில்தான் விதைகள் தொங்கும். “ஆண் எங்கே அண்ணா?” என்றேன். மேட்டைச் சுற்றி வந்தோம். ஆண் செடி என்று அவர் காட்டியதன் உச்சியில் கூம்பு இல்லை. அரிவாளால் சீவிய தழும்பு இருந்தது.

பெரிதாவின் துயரம் அந்தத் தழும்பில் இருக்கிறது. ஆண் கூம்பை நாட்டு மருந்துக்காக வெட்டுகிறார்கள். ஆண்மை பெருக்கும் என்றும், உடல் சூட்டைத் தணிக்கும் என்றும் விற்கிறார்கள். நம் ஊர் மருந்துக் கடைகளில் மதனகாமப்பூ என்ற பெயரில் சைகஸ் கூம்புகள் கிடைப்பது பலருக்குத் தெரிந்திருக்கும். மகரந்தம் சிந்துவதற்கு முன்பே கூம்பு போய்விட்டால், அந்தச் சரிவில் எத்தனை பெண் செடிகள் இருந்தும் விதைக்குள் கரு உண்டாகாது. ஆணும் பெண்ணும் தனித்தனிச் செடிகள் என்பதால் ஒன்றின் இழப்பை மற்றொன்று ஈடுகட்ட முடியாது. கூம்பு வருவதும் ஆண்டுதோறும் நடப்பதில்லை.

சட்டம் இருக்கிறது. காட்டுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தை 1991-இல் திருத்தியபோது முதன்முறையாகத் தாவரங்களுக்கும் ஒரு பட்டியல் சேர்த்தார்கள். அன்று நாடு முழுக்க ஆறே பதிவுகள் கொண்டிருந்த அந்தப் பட்டியலில் பெடோமின் சைகஸ் ஒன்று. அழியும் உயிரினங்களின் பன்னாட்டு வணிகத்தைக் கட்டுப்படுத்தும் சைட்டிஸ் உடன்படிக்கையில் மற்ற எல்லாச் சைகஸ் இனங்களும் இரண்டாம் பட்டியலில் இருக்கின்றன. வணிகத்தையே தடுக்கும் முதல் பட்டியலில் இருக்கும் ஒரே சைகஸ் இதுதான். செம்மரமும் சயாத்தியா மரப்பெரணிகளும்கூட இரண்டாம் பட்டியலில்தான் உள்ளன. மரப்பெரணிக்கு வந்த ஆபத்தும் கேட்கத் தக்கதே: அதன் வேர்ப்போர்வையைப் பலகையாக அறுத்து ஆர்க்கிட் வளர்க்க விற்கிறார்கள். வேங்கடேசுவரா தேசியப் பூங்கா 1989-இலிருந்து இருக்கிறது. 2010-இல் சேஷாசலம் முழுவதும், 4,700 சதுர கிலோமீட்டருக்கு மேல், உயிர்க்கோளக் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. இவ்வளவு காவலும் அந்த அரிவாளைத் தடுக்கவில்லை. இடத்தின் பெயரை நான் எழுதாமல் விட்டதற்குக் காரணம் இதுதான்.

பச்சையும் பனியும் உள்ள மலையைத்தான் நாம் காடு என்று மதிக்கிறோம். கோடையில் இலையற்று நிற்கும் குன்றைக் கண்டால் பொட்டல் என்று சொல்லிவிட்டு, குவாரிக்கோ சாலைக்கோ கொடுத்துவிடத் தயங்குவதில்லை. சேஷாசலத்தைக் கோயில் காத்திருக்கிறது. மலையே தெய்வம் என்ற நம்பிக்கை இல்லாதிருந்தால் இந்தச் சரிவுகள் எப்போதோ கல்லாகவும் விறகாகவும் போயிருக்கும். அதே நம்பிக்கை இந்தச் செடி வரைக்கும் எட்ட வேண்டும் என்று விரும்புகிறேன். கல்வளைவுக்கு அதன் வயதைச் சொல்லும் பலகை வைத்திருக்கிறார்கள். நான் நடந்த வழிகளில் பெரிதாவைப் பற்றி ஒரு வரிகூடக் காணவில்லை. நாள்தோறும் பல்லாயிரம் பேர் ஏறும் மலையில், இங்கு மட்டுமே உள்ள செடி இது என்று தமிழிலும் தெலுங்கிலும் ஒரு பலகை வைத்தால் அதைப் படிக்கும் குழந்தைகள் போதும்.

வாட்ச்சரிடம் தீயைப் பற்றிக் கேட்டேன். 2014 மார்ச்சில் இந்த மலையில் நாட்கணக்கில் காடு எரிந்தபோது விமானப்படை ஹெலிகாப்டர்கள் வந்து தண்ணீர் கொட்டின. அப்போது அவர் மரக்கிளைகளால் தீயை அடித்துக்கொண்டிருந்தவர்களில் ஒருவர். “பெரிய செடிங்க தாங்கிடும் சார். கருகிப்போய் நிக்கும், மழை வந்ததும் புதுசா இலை விடும். சின்னது தாங்காது” என்றார். பிறகு புல்லை விலக்கிக் காட்டினார். ஒரு பெண் செடிக்குக் கீழே, பாறையின் நிழல் விழும் பக்கத்தில், இரண்டே இலைகளோடு மூன்று கன்றுகள். அருகில் எங்கோ ஓர் ஆண் செடியின் கூம்பு தப்பியிருக்கிறது என்பதற்கு அவை சாட்சி. அடிமரம் என்று ஒன்று உருவாகவே இவற்றுக்குப் பல ஆண்டுகள் ஆகும். அதுவரை ஒரு புல் தீயே போதும் முடித்துவிட.

கோடைக்கு முன்னால் தீத்தடுப்புக் கோடு போட ஆட்கள் வருவார்களாம். புல்லோடு புல்லாக இவற்றையும் சீவிவிடுவார்கள் என்பதால் அதற்கு முந்தின வாரமே தான் வந்துவிடுவதாகச் சொன்னார். ஒவ்வொரு கன்றையும் சுற்றி இரண்டு முழத்துக்குப் புல்லைக் கையால் பிடுங்கிவிட்டு, முழங்கால் உயரத்துக்குக் கல் அடுக்கி வைக்கிறார். அடுக்கிய கல்லைப் பார்த்தால் அரிவாள்காரர்கள் ஏதோ சாமி இருக்கிறது என்று சுற்றிக்கொண்டு போய்விடுவார்கள் என்றார். அந்த மேட்டில் அப்படி அடுக்கிய கல்வட்டங்கள் ஏழெட்டு இருந்தன.